கேம் இருக்கு, லைசென்ஸ் இல்லை: ‘ஜெயில்பிரேக்’ கன்சோலில் பூட்டு விழுவது ஏன்?

‘பிஎஸ்4 ஸ்லிம், 1 டிபி, 9.00 ஜெயில்பிரேக், 30 கேம்ஸ் ஃப்ரீ, 2 கன்ட்ரோலர். விலை பேச வேண்டாம்.’

ஓசூரில் ரூம் எடுத்துத் தங்கி சிப்காட்டிலோ எலெக்ட்ரானிக் சிட்டியிலோ வேலை பார்க்கும் இளைஞர்களுக்கு இந்த மாதிரி விளம்பர வரிகள் புதிதல்ல. புது கேம் ஒன்றே நாலாயிரம், ஐயாயிரம் என்று விற்கும்போது 30 கேம் இலவசம் என்றால் யாருக்குத்தான் கை நீளாது?

ஓர் உதாரணத்துக்கு இப்படி வைத்துக்கொள்வோம். பாகலூர் ரோட்டில் தங்கியிருக்கும் ஒரு குவாலிட்டி இன்ஜினியர், சனிக்கிழமை காலை பைக்கில் அத்திப்பள்ளி தாண்டிப் போய் அந்த பிஎஸ்4-ஐ வாங்கி வருகிறார். இரண்டு நாள் ரூம் முழுக்க ஒரே ஆட்டம். திங்கள் இரவு கரண்ட் போகிறது. அரை மணி நேரத்தில் வந்தும் விடுகிறது. கன்சோலை ஆன் செய்தால் 30 கேம் மேலும் சின்னதாக ஒரு பூட்டுப் படம்.

விற்றவருக்கு போன் போகிறது.

“ப்ரோ, எல்லா கேமும் லாக் ஆயிடுச்சு.”

“ஆஃப் பண்ணிட்டீங்களா ப்ரோ? ரெஸ்ட் மோடுலயே விடுங்கன்னு சொன்னேனே. அந்தப் பென்டிரைவை சொருகி மறுபடி ரன் பண்ணணும்.”

“எந்தப் பென்டிரைவ்?”

இந்தக் கேள்விக்குப் பதில் கிடைப்பது அவரவர் அதிர்ஷ்டம். ஆனால் இங்கே கவனிக்க வேண்டியது வேறு. கேம்கள் எங்கேயும் போகவில்லை. ஒவ்வொன்றும் 40, 50 ஜிபி இடத்தை அடைத்துக்கொண்டு ஹார்ட் டிஸ்க்கில் அப்படியேதான் இருக்கின்றன. காணாமல் போனது, அவற்றை ஓட்டுவதற்கான அனுமதி. டிஜிட்டல் கேமில் நாம் காசு கொடுப்பது உண்மையில் அந்த அனுமதிக்குத்தான். ஜெயில்பிரேக்கில் போலியாகத் தயாராவதும் அதே அனுமதிதான்.

லோடு வேற, பில் வேற

ஓசூர்க்காரர்களுக்கு இதைப் புரியவைக்க கம்ப்யூட்டர் பாடம் தேவையில்லை, ஒரு லாரி போதும். சிப்காட்டில் லோடு ஏற்றிய லாரி பெங்களூரு பக்கம் போக வேண்டும். சரக்கின் மதிப்பு 50,000 ரூபாயைத் தாண்டினால் ஈ-வே பில் கட்டாயம். மாநிலம் விட்டு மாநிலம் போகும் சரக்குக்கு 2018 ஏப்ரல் 1 முதல் இந்த விதி. லாரியில் லோடு முழுசாக இருக்கலாம், டிரைவர் ரெடியாக இருக்கலாம். பில் இல்லாமல் பறக்கும் படையிடம் மாட்டினால் வண்டி ஓரம்தான்.

அந்த பில்லின் ‘பார்ட் பி’யில் லாரியின் பதிவு எண் இருக்கும். வழியில் வண்டி பழுதாகி லோடை வேறு லாரிக்கு மாற்றினால், புது எண்ணை ஏற்றிய பிறகுதான் கிளம்ப முடியும். சரக்கு அதே சரக்குதான், ஆனால் பழைய பில் செல்லாது.

டிஜிட்டல் கேமும் அச்சு அசல் இப்படித்தான். டவுன்லோட் ஆகி வரும் பெரிய ஃபைல், லோடு. சோனியின் கன்சோல்களில் அதை ‘பேக்கேஜ்’ என்கிறார்கள். இந்த ஃபைல் எல்லோருக்கும் ஒன்றுதான். தருமபுரியில் இறக்கினாலும் டோக்கியோவில் இறக்கினாலும் அதே சரக்கு. ஆனால் உள்ளே இருக்கும் முக்கியமான பகுதிகள் பூட்டப்பட்டிருக்கும். காசு கட்டியதும் சோனியின் சர்வரில் இருந்து தனியாக இன்னொரு குட்டி ஃபைல் வரும். அதுதான் லைசென்ஸ், நம் ஈ-வே பில்.

பிஎஸ்3-ல் இந்த ஏற்பாடு இன்னும் தெளிவாகத் தெரியும். ஒவ்வொரு பிஎஸ்3-க்கும் தொழிற்சாலையிலேயே ஓர் அடையாள எண் எழுதப்பட்டிருக்கும். பிளேஸ்டேஷன் கணக்கை அந்தப் பெட்டியில் ஆக்டிவேட் செய்யும்போது, கணக்கையும் பெட்டியையும் முடிச்சுப் போடும் ஒரு ஃபைல் உருவாகும். வாங்கிய கேமின் லைசென்ஸ், அந்த முடிச்சை வைத்துத்தான் திறக்கும். அதனால் லைசென்ஸ் ஃபைலை மட்டும் காப்பி அடித்து நண்பனின் பிஎஸ்3-ல் போட்டால் வேலைக்கு ஆகாது. வண்டி நம்பர் ஒத்துப்போகாத பில் அது.

எத்தனை பெட்டியில் முடிச்சுப் போடலாம் என்பதையும் சோனிதான் முடிவு செய்கிறது. முதலில் 5 பிஎஸ்3 வரை அனுமதி இருந்தது. ஒருவர் வாங்கி நாலு பேர் பங்கு போட்டு விளையாடிய காலம் அது. 2011 நவம்பரில் அதை 2 ஆகக் குறைத்துவிட்டார்கள். பிஎஸ்4-ல் இன்னும் இறுக்கம். ஒரு பெட்டியைத்தான் ‘பிரைமரி’ ஆக்கலாம். அந்தப் பெட்டியில் யார் வேண்டுமானாலும், நெட் இல்லாமலும் விளையாடலாம். வேறு பெட்டியில் என்றால் வாங்கியவரின் கணக்கில் உள்ளே போய், நெட்டையும் இணைத்து, சர்வரிடம் தலையைக் காட்ட வேண்டும்.

பில்லுக்குக் காலாவதி உண்டு என்பதும் பொருந்துகிறது. ஈ-வே பில் 200 கிலோமீட்டருக்கு ஒரு நாள் செல்லும். பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தாவில் கிடைக்கும் மாதாந்திர கேம்கள், சந்தா உள்ளவரை செல்லும். சந்தா முடிந்தால் அங்கேயும் அதே பூட்டுப் படம்தான்.

ஜெயில்பிரேக் செய்பவர் என்ன செய்கிறார்?

கேமை உடைப்பதுதான் ஜெயில்பிரேக் என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் மாற்றப்படுவது பில்லைச் சோதிக்கும் ஆள். கன்சோலின் இயங்குதளத்துக்குள் ‘இந்த ஃபைலில் சோனியின் கையெழுத்து இருக்கிறதா, லைசென்ஸ் பொருந்துகிறதா’ என்று பார்க்கும் பகுதி ஒன்று உண்டு. அதைத் தலையாட்டிப் பொம்மை ஆக்கிவிட்டால் எந்தக் காகிதத்தைக் காட்டினாலும் ‘போ’ என்று சொல்லும்.

பிஎஸ்3-ல் நடந்தது இதைவிடப் பெரிய கூத்து. 2010 ஏப்ரல் 1 அன்று வந்த 3.21 அப்டேட், பிஎஸ்3-ல் லினக்ஸ் ஓட்டும் வசதியை நீக்கியது. வாங்கும்போது பெட்டியில் இருந்த வசதி, காசு கொடுத்தவரின் கையில் இருந்தே பிடுங்கப்பட்டது. ஹேக்கர்களுக்கு அதைவிட நல்ல அழைப்பிதழ் கிடைக்காது. அதே ஆண்டு டிசம்பரில் பெர்லினில் நடந்த ஹேக்கர்கள் மாநாட்டில் ‘ஃபெயில் ஓவர்ஃப்ளோ’ என்ற குழு மேடை ஏறி, சோனியின் டிஜிட்டல் கையெழுத்தில் இருந்த ஓட்டையைக் காட்டியது.

அந்தக் கையெழுத்து முறையில் ஒவ்வொரு முறை கையெழுத்துப் போடும்போதும் புதிதாக ஒரு ரகசிய எண் குலுக்கிப் போட வேண்டும். சோனி ஒவ்வொரு முறையும் ஒரே எண்ணையே பயன்படுத்தியிருந்தது. அப்படிச் செய்தால் இரண்டு கையெழுத்தை எடுத்துக்கொண்டு சாதாரண அல்ஜீப்ராவில் சாவியையே கண்டுபிடித்துவிடலாம். பல ஆயிரம் கோடி மதிப்புள்ள கன்சோலின் கதவு, ஒரு பரீட்சைக் கணக்கு அளவு தப்பில் திறந்தது. 2011 ஜனவரியில் ஜார்ஜ் ஹாட்ஸ் என்ற அமெரிக்க இளைஞர் முதன்மைச் சாவியையே வெளியிட்டார். சோனி வழக்குப் போட்டது. சில மாதங்களில் சமரசம் ஆனது. ஆனால் வெளியே வந்த சாவி வெளியே வந்ததுதான்.

அதன் பிறகு மாற்றப்பட்ட பிஎஸ்3-களில் பேக்கேஜ் ஒரு பக்கம், 16 பைட் அளவுள்ள குட்டி லைசென்ஸ் ஃபைல் இன்னொரு பக்கம் என்று சுற்ற ஆரம்பித்தன. யாரோ ஒருவர் காசு கொடுத்து வாங்கிய கேமின் சாவி அது. பெட்டி எண், கணக்கு என்ற முடிச்சையெல்லாம் அவிழ்த்துவிட்டு வெறும் சாவியாக வைத்திருப்பார்கள். 16 பைட் என்பது ஒரு எஸ்எம்எஸ்-ஸில் பாதி வரிகூட இல்லை. 20 ஜிபி கேமை இறக்கி வைத்தாலும் அந்தப் பாதி வரி இல்லையென்றால் ‘ஸ்டோரில் லைசென்ஸ் வாங்கு’ என்று திரை நிற்கும்.

நம் இன்ஜினியரின் பிஎஸ்4 கதை வேறு. பிஎஸ்3-ல் சாவியே கிடைத்துவிட்டதால் மாற்றிய இயங்குதளத்தை நிரந்தரமாகவே ஏற்ற முடிந்தது. பிஎஸ்4-ல் அப்படி இல்லை. பெட்டி ஒவ்வொரு முறை ஆன் ஆகும்போதும் தன் இயங்குதளம் அசல்தானா என்று முதலில் இருந்து சரிபார்த்துக்கொள்ளும். ஹேக்கர்களுக்குக் கிடைத்தது, பெட்டி ஓடிக்கொண்டிருக்கும்போது நுழைய ஒரு சந்து. 9.00 வெர்ஷனில் இருந்த சந்து 2021 டிசம்பரில் வெளிவந்தது. அதற்கு ஒரு பென்டிரைவ் வேண்டும். அந்த வழியாக உள்ளே போய், நினைவகத்தில் இருக்கும் சோதனை அதிகாரியை மாற்றுகிறார்கள். கரண்ட் போனால் நினைவகம் காலி. மறுபடி ஆன் ஆனதும் பழைய கறாரான அதிகாரி சீட்டில் உட்கார்ந்திருப்பார். ஹார்ட் டிஸ்க்கில் உள்ள 30 கேமின் பில்லும் போலி. ஹேக்கர்களே அவற்றை ‘போலிப் பேக்கேஜ்’ என்றுதான் அழைக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் பூட்டு.

ஆக, அந்தப் பூட்டு பழுது இல்லை. கன்சோல் சரியாக வேலை செய்கிறது என்பதற்கான அடையாளம்.

இன்னொரு விஷயமும் அந்த விளம்பரத்தில் இருக்காது. ‘9.00’ என்று பெருமையாகப் போடுவதன் அர்த்தம், இனி அப்டேட் செய்யவே கூடாது என்பது. அப்டேட் செய்தால் சந்து அடைபடும். செய்யாவிட்டால் ஆன்லைன் கிடையாது, அதற்குப் பிந்தைய வெர்ஷன் கேட்கும் புது கேம்களும் சிக்கல். சோனியின் நெட்வொர்க்கில் மாட்டினால் பெட்டியின் அடையாள எண்ணையே தடை செய்துவிடுவார்கள். அது கணக்கோடு போகாது, பெட்டியோடு ஒட்டிக்கொள்ளும். முதல் ஓனர் செய்ததற்கு மூன்றாவது ஓனர் அனுபவிக்க வேண்டும்.

நின்டென்டோ ஸ்விட்ச் பக்கம் இன்னும் சிக்கல். அந்த நிறுவனம் ஸ்விட்சை இந்தியாவில் அதிகாரபூர்வமாக விற்கவே இல்லை; கடைகளில் இருப்பவை இறக்குமதிச் சரக்கு. அதன் சிப்பில் தொழிற்சாலையிலேயே எழுதப்பட்ட பகுதியில் ஓட்டை இருப்பது 2018-ல் தெரியவந்தது. அப்டேட் போட்டுச் சரிசெய்ய முடியாத இடம் அது. புது பேட்ச் சிப்பையே மாற்ற வேண்டியதாயிற்று.

ஜூஜூவாடியில் ஒரு சட்டம், அத்திப்பள்ளியில் ஒரு சட்டம்?

“என் காசில் வாங்கின பெட்டி. நான் உடைப்பேன், ஒட்டுவேன். இவங்களுக்கு என்ன?” நியாயமான கேள்வி. இந்தியச் சட்டம் இதற்கு நேரடியாக ‘தப்பு’ என்று சொல்லவில்லை, ‘எதுக்காக உடைச்சே?’ என்று கேட்கிறது.

பதிப்புரிமைச் சட்டம் 1957-ல் வந்தது. டிஜிட்டல் பூட்டைப் பற்றி அதில் 2012 வரை ஒரு வரி கிடையாது. அந்த ஆண்டுத் திருத்தத்தில்தான் 65ஏ பிரிவு நுழைந்தது. பதிப்புரிமையைக் காக்கப் போட்ட தொழில்நுட்பப் பூட்டை, அந்த உரிமையை மீறும் நோக்கத்தோடு ஒருவர் உடைத்தால் 2 ஆண்டு வரை சிறை, கூடவே அபராதம். ‘நோக்கத்தோடு’ என்ற ஒரே சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. சட்டம் வெளிப்படையாகத் தடுக்காத காரியத்துக்காகப் பூட்டைத் திறந்தால் இந்தப் பிரிவு பாயாது. பாதுகாப்புச் சோதனை, முறைப்படி பெற்ற பிரதியை வைத்துச் செய்யும் என்க்ரிப்ஷன் ஆராய்ச்சி போன்றவற்றுக்கும் விலக்கு உண்டு. வீட்டில் சும்மா கிடக்கும் பிஎஸ்3-ஐ லினக்ஸ் ஓட்டத் திறப்பவரும், 30 திருட்டு கேம் ஏற்றத் திறப்பவரும் இந்தச் சட்டத்தின் கண்ணில் ஒன்றல்ல.

இங்கே ஒரு சுவாரஸ்யமான நிபந்தனையும் உண்டு. அனுமதிக்கப்பட்ட காரியத்துக்காக இன்னொருவருக்குப் பூட்டைத் திறந்து கொடுப்பவர், அவருடைய பெயர், முகவரி, எதற்காகத் திறந்தார் என்ற விவரம் எல்லாவற்றையும் பதிவு செய்து வைத்திருக்க வேண்டும். அதாவது கன்சோல் மாற்றிக் கொடுக்கும் கடையில், பழைய எஸ்டிடி பூத் மாதிரி ஒரு லெட்ஜர் இருக்க வேண்டும். எத்தனை கடையில் இருக்கும் என்பதை வாசகர்களே யூகித்துக்கொள்ளலாம்.

வாங்கி விளையாடுபவர் மீது வருவது 63பி பிரிவு. திருட்டுப் பிரதி என்று தெரிந்தே ஒரு புரோகிராமை கம்ப்யூட்டரில் பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். ‘இது கம்ப்யூட்டர் இல்லையே, கேம் பெட்டிதானே’ என்று தப்பிக்கவும் வழியில்லை. தகவலைச் செயலாக்கும் திறன் உள்ள எந்த மின்னணுச் சாதனமும் கம்ப்யூட்டர் என்றே சட்டம் வரையறுக்கிறது. ஆனால் லாபத்துக்கோ தொழிலுக்கோ இல்லாமல் சொந்தமாகப் பயன்படுத்தினால், கோர்ட் சிறைத் தண்டனை கொடுக்காமல் விடலாம். அபராதம் 50,000 வரையோடு நிற்கலாம். மணிக்கு இவ்வளவு என்று வசூலிக்கும் கேமிங் கஃபேக்களுக்கு இந்தச் சலுகை இல்லை. விற்பவர்கள் மீது பாயக்கூடிய 63-வது பிரிவுக் குற்றம், போலீஸ் நேரடியாக வழக்குப் பதியக்கூடிய, ஜாமீன் உரிமையாகக் கிடைக்காத குற்றம் என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் சொல்லிவிட்டது.

வழக்கெல்லாம் நடந்ததா? நடந்தது. சோனியின் ஐரோப்பிய கேம் நிறுவனம், பிளேஸ்டேஷன்களை மாற்றிக் கொடுத்து திருட்டு கேம் விற்றதாகச் சிலர் மீது டெல்லி உயர் நீதிமன்றத்துக்கு 2012-ல் போனது. கோர்ட் இடைக்காலத் தடை விதித்தது. அதைத் தாண்டி, ரூமில் உட்கார்ந்து விளையாடும் தனி ஆளைத் தேடி நிறுவனங்கள் வருவது வழக்கமில்லை. கடைதான் குறி.

எல்லை ஊருக்கு மட்டும் உரிய ட்விஸ்ட் இனிமேல்தான் வருகிறது. பதிப்புரிமைச் சட்டம் மத்திய அரசுடையது. ஜூஜூவாடிக்கும் அத்திப்பள்ளிக்கும் ஒன்றுதான். குண்டர் தடுப்புச் சட்டம் அப்படி இல்லை, மாநிலத்துக்கு மாநிலம் மாறும். தமிழ்நாட்டின் 1982-ம் ஆண்டுச் சட்டத்தில் ‘வீடியோ பைரேட்’ என்ற வகை 2004-ல் சேர்ந்தது. திருட்டு விசிடி கோலிவுட்டை ஆட்டிப்படைத்த நேரம் அது. வரையறையும் படத்தையும் பாட்டையும் மனதில் வைத்து எழுதப்பட்டது. 2014-ல் ‘சைபர் சட்டக் குற்றவாளி’யும் சேர்ந்தார், ஆனால் அது தகவல் தொழில்நுட்பச் சட்டக் குற்றங்களுக்கு.

கர்நாடகாவின் 1985-ம் ஆண்டுச் சட்டத்திலும் 2014-ல் ஒரு திருத்தம் வந்தது. அது ‘டிஜிட்டல் குற்றவாளி’ என்று ஒருவரை வரையறுக்கிறது. வியாபார நோக்கத்தோடு தெரிந்தே பதிப்புரிமையை மீறுபவர் என்று சொல்லி, புத்தகம், இசை, படம் என்ற வரிசையில் ‘சாஃப்ட்வேர்’ என்ற சொல்லையும் போட்டிருக்கிறது. இரண்டு மாநிலத்திலும் இந்தச் சட்டத்தில் விசாரணை இல்லாமலே 12 மாதம் வரை உள்ளே வைக்கலாம். ஆக, கேம் ஏற்றி விற்கும் ஒரே வேலை, பாலத்துக்கு இந்தப் பக்கம் குண்டர் சட்ட வரையறையில் தெளிவாக இல்லை. அந்தப் பக்கம் தெளிவாக இருக்கிறது. ஒரு கன்சோல் மெக்கானிக்கை விசாரணையே இல்லாமல் ஓராண்டு அடைக்க வழி வைத்திருப்பது கொஞ்சம் ஓவர்தான். ஆனாலும் எழுத்தில் இருக்கிறது.

வெளிநாட்டில் இதே விஷயத்தை எப்படியெல்லாம் பார்த்திருக்கிறார்கள் என்பதும் வேடிக்கை. ஆஸ்திரேலிய உயர் நீதிமன்றம் 2005 அக்டோபரில், பிளேஸ்டேஷனில் ‘மாட் சிப்’ பொருத்தியவர் பக்கம் தீர்ப்பு சொன்னது. பெட்டியில் உள்ள பூட்டு, திருட்டு டிஸ்க் ஓடுவதைத்தான் தடுக்கிறது, திருடுவதைத் தடுக்கவில்லை என்பது வாதம். பிறகு அமெரிக்காவுடனான ஒப்பந்தத்துக்காக அந்நாடு சட்டத்தையே மாற்றிக்கொண்டது. அமெரிக்காவில் ஸ்விட்ச் மாற்றும் கருவிகள் விற்ற ‘டீம் எக்ஸிக்யூட்டர்’ குழுவின் கேரி பவுசருக்கு 2022 பிப்ரவரியில் 40 மாதச் சிறை. இந்தியாவில் பூட்டை உடைக்கும் கருவியை விற்பதற்கென்று அப்படி ஒரு தனிப் பிரிவு கிடையாது.

காசு கொடுத்தவன் மட்டும் என்ன வாழ்ந்தான்?

திருட்டு கேமுக்கு வக்காலத்து வாங்க முடியாது. ஒரு கேமுக்குப் பின்னால் நூற்றுக்கணக்கானவர்களின் பல வருட வேலை இருக்கிறது. ஆனால் ஜெயில்பிரேக் செய்பவர்கள் மீது இத்தனை பேருக்கு உள்ளுக்குள் ஒரு அனுதாபம் இருப்பதற்கு விலை மட்டுமே காரணம் இல்லை. ஒழுங்காகக் காசு கட்டியவரின் கையில் இருப்பதும் வெறும் பில்தான். அதுவும் வேறொருவரின் சர்வரில்.

2011 ஏப்ரலில் பிளேஸ்டேஷன் நெட்வொர்க்குக்குள் ஊடுருவல் நடந்து, 7.7 கோடி கணக்குகளின் விவரங்கள் ஆபத்தில் சிக்கின. மூன்று வாரத்துக்கு மேல் நெட்வொர்க் மூடிக்கிடந்தது. ஆன்லைன் ஆட்டம் நின்றது சரி. ஆனால் கேப்காம் வெளியிட்ட ‘பயோனிக் கமாண்டோ ரீஆர்ம்ட் 2’ மாதிரியான சில டிஜிட்டல் கேம்களைத் தனியாக உட்கார்ந்துகூட விளையாட முடியவில்லை. ஒவ்வொரு முறை திறக்கும்போதும் சர்வரிடம் பில்லைக் காட்டும்படி அவை செய்யப்பட்டிருந்தன. அந்த மூன்று வாரமும் காசு கொடுத்து வாங்கியவர் பூட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். திருடியவருக்கு ஒரு தடையும் இல்லை.

பிஎஸ்4-லும் ஒரு வம்பு இருந்தது. மதர்போர்டில் சின்ன நாணய பேட்டரி ஒன்று உண்டு, கடிகாரத்துக்கு. கடைத்தெருவில் சில்லறைக்குக் கிடைப்பது. அது தீர்ந்து, அந்த நேரத்தில் சோனி சர்வரும் கிடைக்காவிட்டால் டிஸ்க் போட்டுக்கூட விளையாட முடியாது என்பது 2021-ல் பெரிய விவாதம் ஆனது. அதே ஆண்டு வந்த ஓர் அப்டேட்டில் சோனி சத்தமில்லாமல் சரிசெய்தது. எந்த அப்டேட் தெரியுமா? 9.00. ஹேக்கர்கள் சந்து கண்டுபிடித்த அதே வெர்ஷன்.

அதே 2021 மார்ச்சில் பிஎஸ்3, விட்டா ஸ்டோர்களை மூடப் போவதாக சோனி அறிவித்தது. எதிர்ப்பு கிளம்பவே ஏப்ரலில் பின்வாங்கியது. நின்டென்டோ பின்வாங்கவில்லை, 3டிஎஸ், வீ யூ ஸ்டோர்கள் 2023 மார்ச்சில் மூடப்பட்டன. எக்ஸ்பாக்ஸ் 360 ஸ்டோர் 2024 ஜூலையில். இதற்கெல்லாம் மேலாக, யூபிசாஃப்ட் தன் ‘தி க்ரூ’ கார் ரேஸ் கேமின் சர்வரை 2024 மார்ச் 31 அன்று நிறுத்தி, வாங்கியவர்களின் லைசென்ஸையும் ரத்து செய்தது. டிஸ்க் வைத்திருந்தவருக்கும் அது வெறும் தட்டு ஆகிவிட்டது.

இந்தக் கோபத்தின் விளைவாக கலிஃபோர்னியா ஒரு சட்டம் போட்டது. 2025 ஜனவரி 1 முதல் அங்கே ‘வாங்கு’ என்ற பட்டனைக் காட்டும் கடை, ‘இது லைசென்ஸ்தான், உடைமை இல்லை’ என்பதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். அதற்கு முன்பே ஸ்டீம் கடை அப்படி ஓர் அறிவிப்பை வைத்துவிட்டது. இந்தியாவில் அப்படி ஒரு தனிச் சட்டம் இல்லை. நம் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவு, முறைப்படி வைத்திருக்கும் புரோகிராமுக்கு பேக்-அப் பிரதி எடுக்கும் உரிமையைத் தருகிறது. சொந்த உபயோகத்துக்குப் பிரதி எடுக்கவும் வழி விடுகிறது. காகிதத்தில் நல்ல உரிமைதான். ஆனால் பிரதி எடுத்தாலும் அதை ஓட்ட லைசென்ஸ் வேண்டும், லைசென்ஸ் சர்வரில் இருக்கிறது. சட்டம் கொடுப்பதைப் பூட்டு தடுக்கிறது. பூட்டை உடைத்தால் ‘என்ன நோக்கம்?’ என்ற கேள்விக்குத் திரும்பி வர வேண்டியதுதான்.

இந்தியாவில் டிஸ்க்குக்கு இன்னும் மவுசு இருப்பது இதனால்தான். பிஎஸ்5 இங்கே 2021 பிப்ரவரி 2 அன்று வந்தபோது டிஸ்க் போடும் மாடல் 49,990 ரூபாய், டிஜிட்டல் மட்டும் 39,990. பத்தாயிரம் மிச்சம் போலத் தெரியும். அப்போது ‘டீமன்ஸ் சோல்ஸ்’ ஒரு கேமின் விலையே 4,999. டிஸ்க் என்றால் முடித்துவிட்டு விற்கலாம், நண்பனிடம் மாற்றிக்கொள்ளலாம். கையில் இருக்கும் தட்டே லைசென்ஸ். டிஜிட்டலில் வாங்கிய கேமைப் பெட்டியோடு சேர்த்துகூட விற்க முடியாது, அது கணக்கோடு ஒட்டியது. ஐந்து கேம் வாங்கி விற்றாலே அந்தப் பத்தாயிரம் எங்கே போனது என்று தெரிந்துவிடும்.

அத்திப்பள்ளிக்குக் கிளம்பும் முன்

செகண்ட் ஹேண்ட் கன்சோல் வாங்குவதில் தப்பில்லை. ‘ஜெயில்பிரேக்’ என்ற சொல் இல்லாத விளம்பரத்திலும் சிக்கல் ஒளிந்திருக்கலாம் என்பதுதான் விஷயம். ‘20 கேம் உள்ளே இருக்கு’ என்று விற்பவர் சொன்னால், அது யார் கணக்கில் வாங்கியது என்று கேட்க வேண்டும். அவருடைய கணக்கில் என்றால், அவர் வீட்டுக்குப் போய் வேறு பெட்டியைப் பிரைமரி ஆக்கிய நிமிடம், வாங்கிய பெட்டியில் அந்த 20-ம் பூட்டிக்கொள்ளும். பழைய கணக்கை டீஆக்டிவேட் செய்து, பெட்டியை மொத்தமாக ரீசெட் செய்து வாங்குவது நல்லது. கேமை கணக்கில் சேர்த்து விலை பேசவே வேண்டாம். டிஸ்க் கொடுத்தால் அதற்கு விலை பேசலாம்.

போன் ஹாட்ஸ்பாட்டை ஆன் செய்து, வாங்குபவர் தன் சொந்த பிளேஸ்டேஷன் கணக்கில் அந்த இடத்திலேயே உள்ளே போய்ப் பார்க்க வேண்டும். தடை செய்யப்பட்ட பெட்டி என்றால் அங்கேயே தெரியும். ‘முதல்ல அப்டேட் கேட்குது, வீட்ல போய் பண்ணிக்கோங்க’ என்று விற்பவர் இழுத்தால், எந்த வெர்ஷனில் இருக்கிறது என்று செட்டிங்ஸில் பார்த்துவிடலாம். வருடக்கணக்கில் அப்டேட் ஆகாத பெட்டி என்றால் காரணம் சோம்பேறித்தனமாக இருக்க வாய்ப்பு குறைவு.

பணம் அனுப்பும் முன் கடைசியாக ஒன்று. பிளக்கைப் பிடுங்கி, ஒரு நிமிடம் விட்டு, மறுபடி சொருகி ஆன் செய்யச் சொல்ல வேண்டும். போலி பில்லில் ஓடும் கேம் எதுவாக இருந்தாலும் பூட்டுப் படம் அப்போதே வந்துவிடும். திங்கட்கிழமை கரண்ட் போகும் வரை காத்திருக்க வேண்டியதில்லை.